சொல் விசாரணை: வாத்து தூவிய போர்வை

கேள்வி: கனடாவில் வேலை பார்க்கும் என் மகன், போன மாதம் வந்தபோது ஒரு கோட்டைக் கொண்டுவந்து பீரோவில் வைத்துவிட்டுப் போய்விட்டான். ‘டவுன் ஜாக்கெட்’ என்கிறான். டவுனுக்குப் போகும்போது போடுவதா என்று என் கணவர் கேட்கிறார். உள்ளே தைத்திருக்கும் சீட்டில் ‘90 சதவீதம் டக் டவுன், 10 சதவீதம் ஃபெதர்’ என்று இருக்கிறது. வாத்து ஏன் கீழே போகிறது? இதற்குத் தமிழில் சொல் உண்டா? இதைத் துவைக்கலாமா?
– ஒரு வாசகி, கோவில்பட்டி

பதில்: அம்மா, உங்கள் கணவரைக் குறை சொல்லமாட்டேன். தமிழில் எழுதினால் ஆங்கிலத்தின் மூன்று சொற்கள் ‘டவுன்’ என்ற ஒரே சட்டைக்குள் புகுந்துகொள்கின்றன. மூன்றுக்கும் பிறப்பு வேறு வேறு.

முதலாவது, ஊர் என்ற டவுன். பழைய ஆங்கிலத்தில் இதற்கு வேலியடைத்த இடம் என்று பொருள். ஜெர்மன் மொழியில் இதன் உடன்பிறப்பான ‘ட்சவுன்’ இன்றைக்கும் வேலிதான். ஆகவே திருநெல்வேலி டவுன் என்று நீங்கள் சொல்லும் ஒவ்வொரு தடவையும் வேலி இரண்டு முறை வருகிறது. இரண்டாவது, கீழே என்ற டவுன். இதன் கதை தலைகீழ். பழைய ஆங்கிலத்தில் ‘டூன்’ என்றால் குன்று. ‘குன்றிலிருந்து’ என்று சொல்லிச் சொல்லிக் குன்று தேய்ந்துபோய் இறக்கம் மட்டும் மிஞ்சியது. இங்கிலாந்தின் தெற்கே உள்ள சுண்ணாம்புக் குன்றுகளை இன்னும் ‘டவுன்ஸ்’ என்றே அழைக்கிறார்கள்.

மூன்றாவதுதான் உங்கள் பீரோவில் இருப்பது. வைக்கிங்குகள் பேசிய பழைய நோர்ஸ் மொழியில் ‘தூன்’ என்றால் பறவையின் உடலை ஒட்டி, மேலிறகுகளுக்கு அடியில் வளரும் மெல்லிய தூவி. அது கப்பலேறி இங்கிலாந்துக்கு வந்து ‘டவுன்’ ஆயிற்று. வாத்து எங்கேயும் கீழே போகவில்லை.

தூவி என்று எழுதிவிட்டேன், பார்த்தீர்களா? உங்கள் அடுத்த கேள்விக்கு விடை அதுதான். இறகு வேறு, தூவி வேறு. ஓர் இறகைக் கையில் எடுத்தால் நடுவில் ஈர்க்கு மாதிரி ஒரு தண்டு இருக்கும். இருபக்கமும் மயிர் வரிசையாகப் படிந்திருக்கும். தூவிக்குத் தண்டு இருக்காது, அல்லது இருந்தும் இல்லாததுபோல இருக்கும். ஒரு புள்ளியிலிருந்து நாலாபக்கமும் இழைகள் கிளம்பும். எருக்கங்காய் வெடித்துப் பறக்கும் விதையைப் பிடித்திருப்பீர்கள். அந்த விதையைக் கிள்ளி எறிந்துவிட்டு, மிஞ்சும் பஞ்சுக் கொத்தைப் பாருங்கள். ஏறக்குறைய அதுதான். அந்த இழைகளுக்கு நடுவே காற்று சிக்கிக்கொள்கிறது. சிக்கிய காற்று உடம்புச் சூட்டை வெளியே விடுவதில்லை. கோட்டின் எடையைத் தூக்கிப் பார்த்தால் ஏமாற்றிவிட்டார்களோ என்று தோன்றும். நீங்கள் காசு கொடுத்து வாங்கியது பெரும்பாலும் காற்றைத்தான்.

சீட்டில் உள்ள கணக்கும் இதுவே: நூற்றில் தொண்ணூறு பங்கு தூவி, பத்துப் பங்கு சிற்றிறகு. கோட்டின் தையலில் எங்காவது முள்போலக் குத்தினால் அது அந்தப் பத்தில் ஒன்று.

1922ஆம் ஆண்டு எவரெஸ்ட் ஏறப் போன பிரிட்டிஷ் குழுவில் ஜார்ஜ் ஃபிஞ்ச் என்றொருவர் இருந்தார். ஆஸ்திரேலியாவில் பிறந்தவர், வேதியியல் படித்தவர். மற்றவர்கள் எல்லாம் கம்பளிக் கோட்டும் மப்ளருமாகக் கிளம்ப, இவர் மட்டும் பலூன் செய்யும் துணியில் தூவியை அடைத்துத் தைத்த ஒரு கோட்டைப் போட்டுக்கொண்டு வந்தார். சிரித்தார்கள். மேலே போகப் போகச் சிரிப்பு நின்றது. அந்தக் கோட்டோடு அவர் 8,300 மீட்டருக்கு மேல் போய்வந்தார். உங்கள் மகனின் கோட்டுக்கு அதுதான் பாட்டன்.

தூன், தூவி, ஒலி ஒத்துப்போகிறதே, வைக்கிங்குகளுக்கு நாம்தான் கொடுத்தோம் என்று தயவுசெய்து யாரும் எனக்கு எழுதவேண்டாம். ஒவ்வோர் இதழுக்கும் அப்படி ஏழெட்டுக் கடிதங்கள் வருகின்றன. ஒலி ஒத்துப்போவது தற்செயல்.

துவைப்பதைக் கடைசியில் சொல்கிறேன். அதுவரை தண்ணீர் பக்கம் கொண்டுபோகாதீர்கள்.

கேள்வி: பழைய ஆங்கில நாவல் ஒன்றை மொழிபெயர்த்துக்கொண்டிருக்கிறேன். ஒரு பாட்டி ‘ஐடர்டவுனை’ இழுத்துப் போர்த்திக்கொள்கிறார். ஓர் அகராதி பறவைத் தூவி என்கிறது, இன்னொன்று மெத்தைப் போர்வை என்கிறது. என் நண்பர் ‘ஜமுக்காளம்’ என்று போடச் சொல்கிறார். எது சரி?
– ஒரு வாசகர், சேலம்

பதில்: பவானி பக்கத்தில் இருப்பதால் ஜமுக்காளம் உங்கள் நண்பரின் கைக்கு எட்டியிருக்கிறது. ஜமுக்காளம் விரிப்பது, இது போர்த்துவது. பாட்டி விறைத்துப்போவார். விட்டுவிடுங்கள்.

இரண்டு அகராதியும் சரிதான். சொல் நடந்துபோன பாதையில் ஆளுக்கோர் இடத்தில் நின்று பார்த்திருக்கிறார்கள். தொடக்கத்துக்குப் போனால் அங்கே ஒரு பறவை இருக்கிறது.

ஐஸ்லாந்து, நார்வே, கிரீன்லாந்து, கனடாவின் வடபகுதி என்று குளிர்கடல் ஓரங்களில் வாழும் கடல்வாத்து அது. ஐஸ்லாந்து மொழியில் அதன் பெயர் ‘ஐதுர்’. ‘அது’ என்று நாம் சொல்லும்போது வருகிற த ஒலிதான் அந்த நடு எழுத்து. ஆங்கிலேயர்கள் அதை ‘ட’ ஆக்கி ஐடர் என்றார்கள். நாம் நேரே எழுதிக்கொள்ளலாம், நம் எழுத்துக்கு அந்த வசதி இருக்கிறது. ஐதுரின் தூன், ‘ஐதர்தூன்’. இதுதான் ஐடர்டவுன். விலங்கியலார் அதற்கு வைத்த பெயர் சோமடீரியா மொலிசிமா. முதற்பாதி கிரேக்கம்: உடம்புக் கம்பளி. பிற்பாதி லத்தீன்: மிக மிக மென்மையானது. பெயர் வைத்தவர்களுக்கும் பறவையைவிடத் தூவிதான் கண்ணில் பட்டிருக்கிறது.

ஆண் கறுப்பும் வெள்ளையுமாகப் பகட்டாக இருக்கும். அடைகாக்கும் வேலையில் அதற்குப் பங்கில்லை. பெண் பழுப்பு நிறம். கல்லோடு கல்லாகத் தெரியாது. அது தரையில் ஒரு பள்ளம் பார்த்து நாலைந்து முட்டை இட்டு, தன் நெஞ்சிலிருந்தே தூவியைப் பிடுங்கிச் சுற்றிலும் வைக்கும். பிடுங்கிய இடத்தில் தோல் வெறுமையாகிவிடுவதால் உடம்புச் சூடு நேரே முட்டையில் படும். சுமார் இருபத்தைந்து நாள், ஏறக்குறையப் பட்டினியாக உட்கார்ந்திருக்கும். எப்போதாவது எழுந்துபோக வேண்டுமானால், தூவியைப் போர்வைபோல இழுத்து முட்டைகளை மூடிவிட்டுப் போகும். உங்கள் பாட்டி செய்வதைத்தான் அதுவும் செய்கிறது.

ஐஸ்லாந்துக் குடியானவர்கள் எடுப்பது இந்தக் கூட்டுத் தூவியை. வாத்தை யாரும் தொடுவதில்லை; சட்டம் அதைக் காக்கிறது. அதை வளர்ப்பதும் இல்லை. காட்டுப் பறவையாகவே வரும், போகும். இவர்கள் செய்வதெல்லாம் நரியும், கீரி போன்ற மிங்க் என்ற பிராணியும், காக்கையும் அண்டாமல் இரவு பகலாகக் காவல் இருப்பது. குஞ்சுகள் கடலுக்கு இறங்கிய பிறகு தூவியை அள்ளுவார்கள். சிலர் அடைகாக்கும்போதே கொஞ்சம் எடுத்துக்கொண்டு, பதிலுக்குக் காய்ந்த வைக்கோலை வைத்துவிடுவார்கள். நார்வேயின் வேகா தீவுகளில் வாத்துக்கென்று சின்னச் சின்ன வீடுகளே கட்டிவைப்பார்கள். அதைப் பெண்கள்தான் பார்த்துக்கொண்டார்கள். அடைகாக்கும் பருவத்தில் தீவில் யாரும் உரக்கப் பேசக்கூடாது. அந்தத் தீவுக்கூட்டம் 2004இல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தது. பெண்களின் அந்த உழைப்பையும் யுனெஸ்கோ எடுத்துச் சொல்லியிருக்கிறது.

சுத்தம் செய்தபின் ஒரு கூட்டில் தேறுவது 15, 20 கிராம். ஒரு கிலோவுக்குச் சுமார் அறுபது கூடு வேண்டும். ஒரு போர்வைக்கு ஏறத்தாழ அந்த ஒரு கிலோ. உலகத்தில் கிடைப்பதில் பெரும்பங்கு ஐஸ்லாந்திலிருந்துதான், அதுவும் ஆண்டுக்கு ஏறத்தாழ 3 டன். விலையை நான் எழுதவில்லை. உங்களுக்கு மொழிபெயர்ப்புக்குக் கிடைக்கும் பணத்தோடு ஒப்பிட்டு வருத்தப்படுவீர்கள்.

சுத்தம் செய்வதைப் பற்றி ஒன்று சொல்லவேண்டும். மரச்சட்டத்தில் வரிசையாக நரம்பு கட்டி, அதன்மேல் தூவியைத் தேய்ப்பார்கள். முட்டைத்தோடும் புல்லும் கடற்பாசியும் கீழே உதிரும். பார்க்க யாழ்போல இருக்கும். அங்கேயும் அதை யாழ் என்ற பெயராலேயே சொல்கிறார்கள். நான் சிறுவனாக இருந்தபோது எங்கள் தெருவுக்குப் பஞ்சு கொட்டுகிறவர் வருவார். தோளில் ஆள் உயர வில். திண்ணையில் பழைய மெத்தையைப் பிரித்துப்போட்டு, நாணைச் சுண்டச் சுண்ட ‘டொய்ங், டொய்ங்’ என்று பஞ்சு புரண்டு எழும். அவர் புருவம் மீசை எல்லாம் வெளுத்துவிடும். போடிநாயக்கனூர் இலவம்பஞ்சு என்றால் தும்மல் அடுத்த தெருவரை கேட்கும். இங்கே வில், அங்கே யாழ். மெத்தை செய்ய மனிதன் எங்கேயும் நரம்பைத்தான் மீட்டியிருக்கிறான்.

ஆனால் ஐதர் தூவி பறக்காது. அதன் இழைகளில் கண்ணுக்குத் தெரியாத கொக்கிகள் உண்டு. ஒரு பிடி தூக்கினால் மொத்தமும் ஒன்றோடொன்று பற்றிக்கொண்டு சேர்ந்தே வரும். சாதாரண வாத்துத் தூவியை ஊதினால் அறை முழுக்கத் திரியும்.

இனி உங்கள் சொல். முதலில் ஐதர்தூன் என்றால் தூவி. பிறகு அந்தத் தூவியை அடைத்த போர்வை. பிறகு எந்தத் தூவியை அடைத்தாலும் அதே பெயர். கடைசியில் செயற்கைப் பஞ்சு அடைத்த மெத்தைப் போர்வையும் ஐடர்டவுன் என்றே விற்றது. இது நமக்குப் புதிதா? எள்ளின் நெய் எண்ணெய். இன்று தேங்காய் எண்ணெய், கடலை எண்ணெய், போதாக்குறைக்கு மண்ணெண்ணெய். எள்ளைப் பற்றி யாராவது நினைக்கிறோமா? பிரெஞ்சுக்காரர்கள் இந்தச் சொல்லை ‘எத்ரதோன்’ என்று வாங்கிப் போர்வைக்கு வைத்துக்கொண்டார்கள். ஸ்பானியரும் அப்படியே. போலந்துக்காரர்கள் செய்ததுதான் வேடிக்கை. அவர்கள் மொழியில் ‘எட்ரெடோன்’ என்றால் அந்த வாத்து! ஐதரின் தூவி என்ற சொல், போர்வையாகி ஊர் சுற்றிவிட்டு, மறுபடியும் பறவையின் தலையிலேயே போய் உட்கார்ந்துவிட்டது.

அதே வாத்துக்கு இங்கிலாந்தின் வடகிழக்குக் கரையில் இன்னொரு பெயர்: கடி வாத்து. கடிக்காது, நம் எழுத்தில் அப்படி விழுகிறது. ஏழாம் நூற்றாண்டில் ஃபார்ன் தீவில் தனித்திருந்த துறவி கத்பர்ட். அவர் பெயரின் செல்லச் சுருக்கம் ‘கடி’. அந்த வாத்துகளுக்கு அவர் அடைக்கலம் கொடுத்தார் என்பது அந்த ஊர் மரபு.

உங்கள் பாட்டிக்கு: முதல் இடத்தில் ‘தூவிப் போர்வை’ என்று போடுங்கள். அதன்பின் ‘போர்வை’ போதும். கம்பளி என்று மட்டும் எழுதிவிடாதீர்கள்; கம்பளி ஆட்டு மயிர்.

கேள்வி: சென்ற இதழில் திருக்குறளை மேற்கோள் காட்டியபோது ‘அனிச்சமும் அன்னத்தின் தூபியும்’ என்று வந்திருக்கிறது. அன்னத்துக்குத் தூபி கட்டியது எந்த அரசன் என்று தெரிவிக்க வேண்டுகிறேன்.
– ஓய்வுபெற்ற தமிழாசிரியர், தஞ்சாவூர்

பதில்: ஐயா, கட்டியது அடியேன். புரூஃப் பார்த்ததும் அடியேன். முப்பத்துநாலு வருடம் அச்சகங்களில் அந்த வேலைதான் பார்த்தேன். வி போய்ப் பி வந்ததைக் கண் பார்த்தது, மனம் படிக்கவில்லை. 1120ஆம் குறள் இப்படி:

அனிச்சமும் அன்னத்தின் தூவியும் மாதர்
அடிக்கு நெருஞ்சிப் பழம்.

இந்தச் சொல்லிடம் எனக்கு இது இரண்டாவது தோல்வி. முதலாவதை இதுவரை யாரிடமும் சொன்னதில்லை. ஈய எழுத்துக் கோத்த காலம். ஒரு பயணக் கட்டுரை வந்தது. எழுதியவர் நல்ல தமிழ் அறிந்தவர். ஐரோப்பாவில் தங்கிய விடுதியில் ‘வாத்துத் தூவிப் போர்வை’ கொடுத்தார்கள் என்று எழுதியிருந்தார். கம்பாசிட்டர் ஒற்றுகளை விட்டுவிட்டு ‘வாத்து தூவி போர்வை’ என்று கோத்திருந்தார். எனக்கு அப்போது இருபத்தாறு வயது. தூவி என்றால் பூத் தூவி, மஞ்சள் தூவி, மிளகுத்தூள் தூவி. வினையெச்சம் தவிர வேறொன்றும் தெரியாது. ‘ய’ விட்டுப்போயிருக்கிறது என்று முடிவு கட்டி, சிவப்பு மையால் அழகாகச் சேர்த்தேன். ‘வாத்து தூவிய போர்வை’ என்று அச்சாகி வந்தது. வாத்து எதைத் தூவியிருக்கும் என்று வாசகர்கள் ஊகித்துக்கொண்டார்கள். கட்டுரையாளர் கடிதம் எழுதினார். நான்கே வரி. அதில் மூன்று இந்தக் குறளும் அதன் எண்ணும். நாலாவது வரியை எழுதமாட்டேன்.

அன்றிரவு அகராதியைப் புரட்டியவன் இன்னும் மூடவில்லை. தூவி பறவையின் மென்மயிர்; தூவல் என்றால் இறகு, எழுதுகோல். மலையாளத்தில் பால்காரர்கூட இறகுக்குத் ‘தூவல்’ என்றுதான் சொல்வார். நாம்தான் சமையல் குறிப்பில் மட்டும் தூவிக்கொண்டிருக்கிறோம்.

நீங்கள் ஆசிரியர், உங்களுக்கு நெடுநல்வாடையை நான் சொல்லவேண்டியதில்லை. மற்ற வாசகர்களுக்காகச் சொல்கிறேன். வாடை வீசுகிறது, மழை விடவில்லை, குளிரில் பறவைகள் மரத்திலிருந்து விழுகின்றன. அந்தப் பாட்டில் அரண்மனைக் கட்டிலின் மேல் விரித்தது எது தெரியுமா? ‘துணைபுணர் அன்னத் தூநிறத் தூவி’. சங்கத்தமிழின் குளிர் மிகுந்த பாட்டில் தூவி மெத்தை வருவது வெறும் அலங்காரம் என்று நான் நினைக்கவில்லை. எழுதியவருக்குக் குளிரும் தெரிந்திருக்கிறது, அதற்கு எது மருந்து என்பதும் தெரிந்திருக்கிறது. ஜோடியைப் பிரியாத அன்னத்தின் தூவிமேல் அரசி தனியாகப் படுத்திருக்கிறாள், தூக்கம் வரவில்லை. அரசன் பாசறையில். மெத்தையின் மேல் பழியில்லை.

ஆண்டாள் திருப்பாவையில் ‘மெத்தென்ற பஞ்சசயனத்தின் மேலேறி’ என்கிறாள். அழகு, குளிர்ச்சி, மென்மை, மணம், வெண்மை என்று ஐந்து குணம் சொல்வாரும் உண்டு. பஞ்சு வகைகளோடு அன்னத்தூவியையும் சேர்த்து ஐந்து பொருள் சொல்வாரும் உண்டு. என் கட்சி இரண்டாவது. மெத்தைக்குள் என்ன இருக்கிறது என்று கேட்பதுதான் எனக்குப் பிடித்த விளக்கம்.

அன்னம் எந்தப் பறவை என்ற வழக்கில் நான் ஆஜராவதில்லை. கூந்தன்குளத்துக்குக் குளிர்காலத்தில் வரும் வரித்தலை வாத்தைப் பார்த்துவிட்டு, நீங்களே தீர்ப்பு எழுதுங்கள்.

கேள்வி: உயிரோடு பிடுங்குகிறார்களாமே? பட்டுப்புடவை கட்டமாட்டேன் என்று விரதம் இருக்கும் நான் தூவி ஜாக்கெட் போடலாமா?
– ஒரு வாசகி, மயிலாடுதுறை

பதில்: ஐதர் தூவி கூட்டிலிருந்து எடுப்பது, பறவைக்கு வலியில்லை. கடைகளில் பரவலாக விற்பது வேறு. இறைச்சிக்கு அறுத்த வாத்து, வாத்தினத்துப் பெரிய பறவைகளின் தூவி. உயிரோடு பிடுங்கும் கொடுமையும் நடந்திருக்கிறது. அப்படிச் செய்யாதவர்களுக்குச் சான்றுச் சீட்டு கொடுக்கும் அமைப்புகள் உண்டு. உங்கள் விரதத்துக்குச் செயற்கைப் பஞ்சு போதும். மயிலாடுதுறைக்கு அதுவும் அதிகம்.

கேள்வி: ஆங்கிலத்தில் மெத்தைப் போர்வையை ‘டுவே’ என்கிறார்களே, அதுவும் இதே சொல்தானா?
– கல்லூரி மாணவர், மதுரை

பதில்: ஆம் தம்பி. அதே ‘தூன்’ பிரெஞ்சுக்குப் போய் உருமாறி ‘துவே’ ஆயிற்று. அங்கே அது தூவி. தூங்கும் பையும் அதுதான். பீச் பழத்தோலின் மேல் உள்ள சுணையும் அதுதான். உன் வயதில் மேலுதட்டில் அரும்புவதும் அதுதான். ஆங்கிலம் அதில் போர்வையை மட்டும் எடுத்துக்கொண்டது. அந்த அரும்பு மீசைக்கு வடக்கத்திக் குளிர்நாட்டார் வாத்திடம் போனார்கள். நாம் வீட்டைவிட்டு வெளியே போகவில்லை. அடுப்படியில் படுத்திருந்ததைப் பார்த்துப் பூனைமயிர் என்றோம்.

கோவில்பட்டி அம்மாவுக்கு, சொன்னபடி: துவைக்கலாம். கல்லில் அடிக்கக்கூடாது, முறுக்கிப் பிழியக்கூடாது. வாளியில் மிதமான வெந்நீர், சோப்பு மிகக் கொஞ்சம், நுரை போகும்வரை அலசல். நனைந்ததும் தூவியெல்லாம் ஒரு மூலையில் சுருண்டு, கோட்டு ஈரக்கோழி மாதிரி ஆகிவிடும். கெட்டுப்போயிற்று என்று பயப்படவேண்டாம். பாயில் தட்டையாகப் பரப்பி நிழலில் காயவைத்து, மணிக்கு ஒரு தடவை கட்டிகளை விரலால் உதிர்த்துவிடுங்கள். இரண்டு மூன்று நாள் ஆகும். முழுக்கக் காயாமல் பீரோவில் வைத்தால் நாற்றம் பிடிக்கும். அமுக்கி மடிக்காமல் ஹேங்கரில் தொங்கவிடுங்கள். உங்கள் கணவரை டவுனுக்குப் போட்டுக்கொண்டு போகச் சொல்வதானால், மார்கழியில் விடியற்காலை முதல் பஸ்ஸுக்கு அனுப்புங்கள்.